இடுக்கில் உட்காருதல்

முதல் முறை அது தானாக நடந்தது.
குருசடைத் தீவுக்குத் தெற்கே, ஒன்றரைப் பாகம் ஆழத்தில்
மரிக்கொழுந்துப் பாசி பிடுங்கிக்கொண்டிருந்தேன்.
சட்டை விளிம்பு பாரின் இடுக்கில் மாட்டிக்கொண்டது.
மேலே என் மிதவை, அதற்கு மேலே வெயில்.
விரலில் சுற்றிய துணி அவிழ்ந்தது,
மெதுவாக.
இம்புட்டு மெதுவாக ஒரு துணி அவிழுமா என்று
யோசித்து முடித்து
வேறு யோசனைக்கும் போய்விட்டேன்.
கிளிமீன் ஒன்று பாறையைக் கொறித்தது.
ஒவ்வொரு கடியும் தனித்தனியாகக் கேட்டது.
பள்ளிக்கூடத்தில் மகளிடம் கேட்ட வருமானச் சான்று,
கூரையில் மாற்ற வேண்டிய இரண்டு தகடு,
எல்லாவற்றையும் வரிசைப்படி ஒரு தடவை நினைத்துவிட்டு
சட்டையைக் கிழித்துக்கொண்டு மேலே வந்தேன்.

“என்னடி, இப்பத்தான போன” என்றாள் சவேரியம்மா.

அதன் பிறகு கரையிலும் பழகினேன்.
தெற்குவாடியில், வத்தம் விழுந்த நேரம்
இடுப்புவரை தண்ணீரில் உட்கார வேண்டும்.
நாக்கை அண்ணத்தில் ஒட்டிக்கொண்டு
காதுக்குள் அடிக்கும் நாடியைக் கேட்க வேண்டும்.
பிறகு அடியை விட்டுவிட வேண்டும்.
ஓர் அடிக்கும் மறு அடிக்கும் நடுவே
நகம் நுழையும் அளவு ஓர் இடுக்கு இருக்கிறது.
பாசிக்கு விரல் விடுவது போல
அங்கே மனதை விட வேண்டும்.
முள் குத்தும். குத்தட்டும்.
உள்ளே போய்விட்டால்
பாம்பன் பாலத்தில் ஏறிய ரயில்
இறங்கவே இறங்காது.

பெயர் கேட்டார்கள். இடுக்கில் உட்காருதல் என்றேன்,
வேறென்ன சொல்ல.
சவேரியம்மா நாலு நாள் உட்கார்ந்தாள்,
பசிதான் பெருசாயிருச்சு என்று எழுந்து போனாள்.
நம்புக்கனி ரேஷன் கடையில் நின்றபடியே முயன்று
வரிசை நீண்டுவிட்டதால் என்னோடு பேசுவதில்லை.
காரைக்குடியிலிருந்து ஒருவர் ஸ்டாப்வாட்சோடு வந்தார்.
நாற்பத்தொரு விநாடி என்று எழுதிக்கொண்டார்.
எனக்கு அது ஒரு முழு மத்தியானம்.

ஐப்பசியில், வாடை தொடங்கிய வாரம்
அவரைப் பிடித்துக்கொண்டு போனார்கள்.
நெடுந்தீவுக்கு அருகில் என்று செய்தி.
படகு, வலை, ஏழு பேர்.
பதினாலு நாள் காவல் என்றார்கள்.
பிறகு இன்னுமொரு பதினாலு.
குழாயடியில் சொன்னார்கள்:
“ஒனக்கென்ன செசிலி, நேரத்த மடக்கத் தெரிஞ்சவ.”

தெரியாது.
நீட்டத் தெரியும், சுருக்கத் தெரியாது.
தலைகீழாகவும் உட்கார்ந்து பார்த்தேன்,
அடிகளை மட்டும் மிதித்து இடுக்குகளைத் தாண்டிவிட.
எங்காவது ஒன்றில் கால் மாட்டியது.
ஒரு நாளைக்கூடக் குறைக்க முடியவில்லை.
ஒரு செவ்வாய்க்கிழமையை மட்டும்
தெரியாமல் ஒன்பது நாளாக்கிவிட்டேன்.

யாழ்ப்பாணத்திலிருந்து பேச விடுவார்கள்,
மூன்று நிமிடம், என்று சங்கத்தில் சொன்னார்கள்.
மூன்று நிமிடம் எனக்கு ஏராளம்.
விடியுமுன்பே தண்ணீரில் உட்கார்ந்து தயாராக இருந்தேன்.
போன் அடித்தது. அவர் மூச்சு கேட்டது.
இறங்கினேன்.

“செசிலி” என்றார்.
செ-க்கும் லி-க்கும் நடுவே
அவருக்குப் பின்னால் யாரோ தட்டு கழுவினார்கள்,
ஒவ்வொரு தட்டாக.
தொண்டையில் கட்டிய சளி,
இருமாமல் அதை அவர் விழுங்கியது,
பல் ஒன்று ஆடுவதை மறைத்துக்கொண்டு வந்த சி.
அம்புட்டையும் எடுத்தேன்,
பை நிறைந்தும் எடுத்தேன்.
பிறகு பதில் சொல்ல வாயைத் திறந்தேன்.
என் நாக்கு
அண்ணத்திலிருந்து கிளம்பி
எங்கோ வழியில் வந்துகொண்டிருந்தது.

“செசிலி? லைன்ல இருக்கியா?”

“புள்ள சாப்புட்டாளா?”

“ஏதாச்சும் பேசு.”

ஆமா என்பதன் ஆ-வில் இருந்தேன்.
கொய்யென்று ஒரு சத்தம்.

இப்போது சாயங்காலங்களில்
தெற்குவாடியில் உட்காருவதில்லை, நிற்கிறேன்.
ஓர் அலை உடைவதற்குள் மூன்று சேதி:
தகடு மாத்தியாச்சு, சான்று வாங்கியாச்சு,
புள்ளைக்குக் காய்ச்சல் விட்டுருச்சு.
மூச்சு வாங்குகிறது.
சவேரியம்மா செல்லில் நேரம் பார்க்கிறாள்.
“இன்னொண்ணு சொல்லலாம்டி” என்கிறாள்,
“நேரம் கெடக்கு.”